வானர பாஷையில் ஒரு டாக்டர்

கேள்வி: காட்டில் குரங்குகளோடு வருஷக்கணக்காகத் திரிந்த ஒருவரைப் பிடித்துவந்து டெலிவிஷன் காமிராவின் முன்னால் நிறுத்தினால், அவருக்கு மனுஷ பாஷை மறந்து போயிருக்காதா?

பதில்: மறந்தால்தான் என்ன, அவருக்குப் பட்டம் கிடைத்ததே வானர பாஷைக்குத்தானே! சார்லட் உலன்புரூக் என்னும் பிரிட்டிஷ் பெண்மணி, டான்ஸானியாவில் டாங்கனீகா ஏரிக்கரையை ஒட்டிய கோம்பே வனத்தில், ஜேன் குடால் அம்மையார் 1960-இல் ஆராய்ச்சி ஆரம்பித்த அதே மலைச்சரிவுகளில், நான்கு வருஷ காலம் சிம்பன்ஸிகளின் பின்னால் ஏறி இறங்கி, மெல்லிய ஊளையாய்த் தொடங்கி, மூச்சிரைப்பு மிகுந்து, அலறலாய் உச்சத்தைத் தொட்டு அடங்குகிற அவற்றின் தூர அழைப்புகளைச் சிரத்தையோடு ஆராய்ந்தே, பிரிஸ்டல் சர்வகலாசாலையில் டாக்டர் பட்டம் பெற்றார்.

டெலிவிஷன் புகழெல்லாம் அப்புறம் வந்தது. 2000-ஆம் ஆண்டில் பி.பி.சி.யில் அவர் வழங்கிய வானரத் தொடருக்குக் 'கசின்ஸ்' என்று நாமகரணம் செய்திருந்தார்கள். லெமூர் முதல் மனிதக் குரங்கு வரை அத்தனை உறவினரையும் இருக்குமிடம் தேடிப் போய்ப் பார்த்துவிட்டு வந்தார். பங்காளிகளைப் பற்றி ஒரு குறைகூடச் சொல்லாமல் அவ்வளவு நேரம் பேச நம்மில் யாரால் முடியும், சொல்லுங்கள்?