விழுந்தவர் எழுந்த கதை

'சைக்கோ' படத்தில் மாடிப்படியிலிருந்து விழும் அந்தத் துப்பறிவாளர் அப்புறம் எழுந்தாரா?

எழுந்து போய் ஆஸ்கரே வாங்கிவிட்டாரே! மார்ட்டின் பால்சம். 1960-இல் ஹிட்ச்காக் அவரை விழவைத்தார். 1965-இல் வந்த 'எ தௌசண்ட் க்ளௌன்ஸ்' அவருக்குச் சிறந்த துணை நடிகர் விருது தந்தது. இன்னொன்று, அவர் விழவே இல்லை. காலிப் படிக்கட்டில் கேமராவை மட்டும் இறக்கிப் படம்பிடித்து, அதைப் பின்திரையில் ஓடவிட்டார்கள். முன்னால் நாற்காலியில் உட்கார்ந்தபடி கைகளை வீசினார் பால்சம். நமக்குத்தான் வயிறு கலங்கியது.

முகம் தெரிகிறது, பெயர் தெரியவில்லையே?

'12 ஆங்ரி மென்' (1957) படத்தில் ஓட்டு எண்ணும் ஜூரித் தலைவர் யார் என்று நினைத்தீர்கள்? மழை கொட்டும்போது ஜன்னலோரம் நின்று, தன் பள்ளி அணியின் ஆட்டம் ஒருமுறை மழையால் கெட்டுப்போனதைச் சொல்வாரே, அந்தச் சில நொடிகளுக்காகவே படத்தை மறுபடி பார்க்கலாம். 1962 'கேப் ஃபியர்' படத்தில் போலீஸ் அதிகாரி. 1991-இல் ஸ்கார்செஸி அதே கதையை எடுத்தபோது நீதிபதி. 29 வருடத்தில் நல்ல பதவி உயர்வு! நடுவில் தொலைக்காட்சியையும் விடவில்லை. 'ஆர்ச்சி பங்கர்ஸ் ப்ளேஸ்' தொடரில் ஆர்ச்சியின் மதுக்கடைப் பங்காளி அவர்தான்.