நடுராத்திரியில் பேச ஆள் பிடிப்பது எப்படி?

மதுரையில் சாமிகூடத் தனியாகத் தூங்குவதில்லை. தினமும் இரவு சொக்கநாதரின் பாதுகை பல்லக்கேறி மீனாட்சியின் பள்ளியறைக்குப் போய்ச் சேர்ந்துவிடும். அதன்பிறகும் மேன்ஷன் அறையில் விட்டத்தைப் பார்த்துக்கொண்டு கிடப்பவர்களுக்குத்தான் இந்த வழிகாட்டி.

ஒரு பையோடு மாட்டுத்தாவணிக்குப் போங்கள். பை முக்கியம். ராத்திரி ஒரு மணிக்கு பஸ் ஸ்டாண்டில் பையோடு நிற்பவன் பயணி. வெறுங்கையோடு நிற்பவன் போலீசுக்குப் பதில் சொல்ல வேண்டியவன். பழைய கைலியைச் சுருட்டி மஞ்சப்பையில் போட்டால் போதும். தேனி, கம்பம் ஆட்களோடுதான் பேசப் பிரியமென்றால் ஆரப்பாளையம்.

டீக்கடையில் சொல்ல வேண்டியது ஒன்றே ஒன்று: "சீனி கம்மியா ஒரு டீண்ணே."

உங்களுக்குச் சர்க்கரை நோய் இருக்க வேண்டிய அவசியமே இல்லை. பக்கத்தில் நிற்பவர் திரும்புவார். "சுகரா தம்பி?" ஆமாம் என்றும் இல்லாமல் இல்லை என்றும் இல்லாமல் தலையாட்டத் தெரிந்திருக்க வேண்டும், அவ்வளவுதான். அவர் போடும் மாத்திரை, மச்சினன் சொன்ன ஆவாரம்பூக் கஷாயம், கால் கட்டைவிரலில் ஆறாத புண், அதற்காக அடகுக்குப் போன மகளின் சங்கிலி என்று நாகர்கோவில் வண்டி கிளம்பும்வரை வந்துகொண்டே இருக்கும். பெயரைக் கேட்காதீர்கள். போன் நம்பர் கேட்டால் போச்சு. கடன் கேட்கப் போகிறீர்கள் என்று மனிதர் பையை இறுக்கிக்கொள்வார்.

பூ மார்க்கெட் பக்கம் வேண்டாம். அங்கே பேச்செல்லாம் மல்லிகை விலைதான்.

இந்த ஊரின் அல்லங்காடியை, அதாவது ராத்திரிக் கடைத்தெருவை, மாங்குடி மருதனார் மதுரைக்காஞ்சியிலேயே பாடிவிட்டார். அரசு ஆணைக்குத்தான் 2019 வரை ஆனது: 10 பேரோ அதற்கு மேலோ வேலை பார்க்கும் கடைகள் 24 மணி நேரமும் திறந்திருக்கலாம். தெருமுனை டீக்கடையில் இருப்பதோ மாஸ்டரும் கிளாஸ் கழுவுபவரும்தான். ரோந்து ஜீப் வந்தால் ஷட்டர் பாதி இறங்கும். அப்போது உள்பக்கம் மாட்டிக்கொள்ளப் பாருங்கள். மூச்சை அடக்கி நிற்கும் நாலு பேருக்குள் வரும் பாசம் கூடப்பிறந்தவர்களிடமும் கிடைக்காது. ஜீப் போனதும் அதுவும் போய்விடும்.

பெண் வாசகர்களுக்கு மேலே சொன்ன எதுவும் உதவாது. அதே கடை, அதே டீ, அதே சீனி கம்மி, ஆனால் யாரும் "சுகரா?" என்று கேட்க மாட்டார்கள், "தனியாவா வந்தீங்க?" என்றுதான் கேட்பார்கள். உங்களுக்கு வேறு வழி ஏதாவது தெரிந்தால் எழுதி அனுப்புங்கள், அடுத்த பதிப்பில் சேர்த்துக்கொள்கிறோம்.