கழுதைக்குச் சிலை வைத்த கதை

1888 ஜனவரியில் மாசசூசெட்ஸ் மாநிலத்துக் கேம்பிரிட்ஜில் சில கனவான்கள் கூடி அமெரிக்க நாட்டார் வழக்காற்றுக் கழகத்தைத் தொடங்கினார்கள். பழைய ஆங்கிலப் பாட்டுகள், கறுப்பின மக்களின் கதைகள், பூர்வகுடிகளின் புராணங்கள் எல்லாம் வேகமாக அழிந்துவருகின்றன, உடனே திரட்ட வேண்டும் என்பது திட்டம். நல்ல திட்டந்தான். பூர்வகுடிகளின் நிலத்தை அரசாங்கம் ஒரு கையால் பிடுங்கிக்கொண்டிருந்த அதே காலத்தில், மறுகை நோட்டுப் புத்தகத்தை நீட்டி, “தாத்தா, போகிற போக்கில் ஒரு கதை சொல்லிவிட்டுப் போங்கள்” என்று கேட்டது.

கழகத்தின் முதல் தலைவர் ஹார்வர்டு பேராசிரியர் ஃபிரான்சிஸ் ஜேம்ஸ் சைல்டு. 305 கதைப்பாடல்களை வகை பிரித்து எண் போட்ட பேரறிஞர். அத்தனையும் இங்கிலாந்து, ஸ்காட்லாந்துச் சரக்கு. பெரும்பாலும் பழைய சுவடிகளிலும் அச்சுப் புத்தகங்களிலும் தேடி எடுத்தவை. வயல் வரப்பில் வழுக்கி விழும் அபாயம் இல்லாத ஆராய்ச்சி. மனுஷர் ரோஜாத் தோட்டத்தில் மட்டும் மண்ணைத் தொட்டார். கழகத்தின் தொடக்க கால உறுப்பினர்களில் நகைச்சுவை எழுத்தாளர் மார்க் ட்வைனும் ஒருவர். புளுகுவதையே பிழைப்பாகக் கொண்ட ஒருவரை உண்மையான நாட்டார் கதைகளைக் காக்கும் கழகத்தில் சேர்த்துக்கொண்டார்களே, அன்றைக்கே பின்னால் வரப்போகும் வில்லங்கம் தெரிந்திருக்க வேண்டும்.

வில்லங்கத்தின் பெயர் பால் பனியன்.

மிச்சிகன், விஸ்கான்சின், மினசோட்டாக் காடுகளில் பனிக்காலம் முழுக்க மரம் வெட்டியவர்கள், ராத்திரியில் கொட்டகை அடுப்பைச் சுற்றி உட்கார்ந்து ஆகாசப் புளுகு விடுவார்கள். புதிதாக வேலைக்கு வந்த பையன்தான் இலக்கு. அவன் முகம் மாறும்வரை ஒருவரும் சிரிக்கக் கூடாது என்பது விதி. பனியன் என்றொரு ராட்சச மரவெட்டி, அவனுடைய தோசைக்கல்லுக்கு எண்ணெய் தடவ, ஆட்கள் காலில் பன்றிக்கொழுப்பைக் கட்டிக்கொண்டு அதன்மேல் சறுக்கிப் போவார்கள், குளிரில் பேச்சே காற்றில் உறைந்துபோய் வசந்தத்தில்தான் காதில் விழும் என்ற ரகம். 1910இல் இப்படிப்பட்ட புளுகுகள் டெட்ராய்ட் நகரத்துப் பத்திரிகை ஒன்றில் அச்சேறின. அதுவரை சமாசாரம் சுத்தம்.

அப்புறந்தான் ரெட் ரிவர் மரக் கம்பெனி வந்தது. மினசோட்டாக் காட்டை வெட்டித் தீர்த்தாயிற்று, கம்பெனி கலிஃபோர்னியாவின் வெஸ்ட்வுட்டுக்குக் குடிபெயர்ந்தது. புதுக் காட்டு மரத்தைப் பழைய வாடிக்கையாளர் தலையில் கட்ட வேண்டும். வில்லியம் லாஹெட் என்ற விளம்பரக்காரரைப் பிடித்தார்கள். ஒரு காலத்தில் அவரும் மரவெட்டி முகாமில் வேலை பார்த்தவர்தான். 1914இல் பால் பனியனை வைத்து ஒரு சிறு பிரசுரம் போட்டார். கதைகள் பாதி கேட்டவை, பாதி கட்டியவை. படமும் அவர் கைவண்ணமே. பனியனுடைய நீலக் காளைக்கு ‘பேப்’ என்று பெயர் சூட்டியவரும் அவர்தான். அந்தப் பிரசுரம் பெரிதாக எடுபடவில்லை. விடாமல் போட்டார்கள். 1922இல் வந்த புத்தகம் பிய்த்துக்கொண்டு போனது.

அதற்குப் பிறகு பனியன் கம்பெனிக்கே அடங்கவில்லை. பிள்ளைகளின் புத்தகத்தில் புகுந்தான். 1937இல் மினசோட்டாவின் பெமிட்ஜி ஊர்க்காரர்கள் சுற்றுலாப் பயணிகளை இழுக்க அவனுக்கும் காளைக்கும் சிலை வைத்தார்கள். காளையின் இரண்டு கண்களுக்கு நடுவே 42 கோடரிக் காம்பு தூரம் என்று அளந்தவர்கள், எஜமானனை 18 அடியில் முடித்துவிட்டார்கள். சிமெண்ட்டுக்குப் புளுகத் தெரியாது. 1941இல் கவிஞர் ஆடன் வசனம் எழுத, இசைக்கலைஞர் பிரிட்டன் இசையமைக்க, கொலம்பியா பல்கலைக்கழகத்தில் பனியன் பாட்டு நாடகமாகவே மேடையேறினான். அசல் அமெரிக்க நாட்டார் நாயகனை ஆங்கிலேயர் இருவர் பாட வைத்தார்கள்.

இதையெல்லாம் பார்த்து வயிறெரிந்தவர் நாட்டார் வழக்காற்று அறிஞர் ரிச்சர்ட் டார்சன். 1946இல் மிச்சிகனின் மேல் தீபகற்பத்தில் மாதக்கணக்கில் சுற்றி, மரவெட்டிகளோடும் சுரங்கக்காரர்களோடும் உட்கார்ந்து நிஜக் கதைகளை எழுதிவந்தவர். ஊரெல்லாம் பனியன் புகழ் பாட, கதைக்காரர்கள் வாயிலோ அவன் பெயர் அபூர்வமாகவே வந்தது. 1950இல் ‘அமெரிக்கன் மெர்க்குரி’ இதழில் ‘ஃபோக்லோர்’ என்பதைத் திருகி ‘ஃபேக்லோர்’, அதாவது போலி வழக்காறு, என்றொரு வசைச்சொல்லை உருவாக்கினார். பெஞ்சமின் பாட்கின் 1944இல் வெளியிட்ட தொள்ளாயிரம் பக்கச் சொச்சக் கதைக் களஞ்சியத்தையும் விடவில்லை. புத்தகத்திலிருந்து புத்தகம் பண்ணுவதா என்று பாய்ந்தார். முதல் தலைவர் சைல்டு பண்ணியதும் ஏறக்குறைய அதுதானே என்று கேட்கத் தோன்றுகிறது. ஹார்வர்டு ரோஜாத் தோட்டத்துக்குள் கல்லெறிய யாருக்கு மனசு வரும்?

குருவின் மேல் கல்லெறிய டார்சனின் மாணவர் ஆலன் டண்டஸ் தயங்கவில்லை. 1985இல் ஒரு கட்டுரை எழுதினார். தாழ்வு மனப்பான்மை வந்த தேசமெல்லாம் தனக்கொரு பழங்கதையைத் தயாரித்துக்கொள்ளும், கிரிம் சகோதரர்களும் பின்லாந்தின் காவியமான கலேவலாவும்கூட அந்தச் சந்தைச் சரக்குதான் என்றார். போலியைப் பிடிக்க வந்த போலீசுக்கே தலைசுற்றியிருக்கும்.

பனியனாவது காட்டில் பிறந்து கம்பெனியில் வளர்ந்தவன். ஜோ மகராக்கின் ஜாதகமே வேறு.

1931இல் ஓவன் ஃபிரான்சிஸ் என்ற எழுத்தாளர் பிட்ஸ்பர்க் பக்கத்து உருக்காலைகளில் வேலைபார்த்த கிழக்கு ஐரோப்பியத் தொழிலாளர்களின் கதை என்று ‘ஸ்கிரிப்னர்ஸ்’ இதழில் ஒன்றை எழுதினார். மகராக் இரும்பு மலையில் பிறந்தவன். உச்சி முதல் உள்ளங்கால் வரை எஃகு. உருகிய இரும்பைக் கையால் அள்ளி, முறுக்கு பிழிகிற மாதிரி விரலிடுக்கில் தண்டவாளம் பிழிவான். இருபத்துநாலு மணி நேரமும் வேலை. கடைசியில், புது ஆலைக்கு உயர்ந்த எஃகு வேண்டுமே என்று தானே உலையில் இறங்கி உருகிப்போவான்.

இந்தக் கதையைத் தொழிலாளி கட்டியிருப்பான் என்று நம்புவதற்கு எவ்வளவு வெள்ளை மனசு வேண்டும்! உருக்காலைகளில் 1923 வரை பன்னிரண்டு மணி நேர வேலை. 1919இல் நடந்த பெரிய வேலைநிறுத்தத்தை முதலாளிகள் நசுக்கியிருந்தார்கள். அப்பேர்ப்பட்ட இடத்தில், செத்தும் கம்பெனிக்கு லாபம் காட்டும் நாயகனை எவன் கனவு காண்பான்? கணக்குப்பிள்ளைகூடக் காணமாட்டான்.

‘மகராக்’ என்றால் குரோவேஷிய மொழியில் கழுதை. ஃபிரான்சிஸுக்கும் அது தெரியும். கழுதை மாதிரி உழைக்கிறவன் என்று விளக்கமும் கிடைத்தது, பாராட்டு என்று எழுதிக்கொண்டார். 1950களின் தொடக்கத்தில் ஹைமன் ரிச்மன் என்பவர் அதே பகுதிக்குப் போய்த் தொழிலாளர்களை விசாரித்தார். மகராக் கதை தெரிந்தவர் அகப்படவில்லை. கேட்க வந்தவர் காதில் பூச்சுற்றியிருக்கிறார்கள் என்ற முடிவுக்கு வந்தார். மரவெட்டிக் கொட்டகையின் அதே விதிதான்: புதுப் பையன் முகம் மாறும்வரை யாரும் சிரிக்கக் கூடாது. இங்கே புதுப் பையன் பேனாவும் கையுமாக வந்திருந்தான், முகம் மாறவேயில்லை, அப்படியே அச்சுக்குக் கொடுத்துவிட்டான்.

மகராக்குக்கும் சிலை உண்டு. பிட்ஸ்பர்க்கை அடுத்த பிராடக்கில், உருக்காலை வளாகத்தில், இரும்புக் கம்பியை வளைத்துப் பிடித்தபடி வீராப்பாக நிற்கிறது. அந்த வழியாகப் போகிற குரோவேஷியக் கிழவர் யாராவது பெயரைக் கேட்டுவிட்டுச் சிரிப்பை அடக்கத் திணறினால், காற்று குளிர்கிறது என்று மூக்கைத் துடைத்துக்கொண்டு போய்விடுவார்.