திப்புவின் புலி

பெங்களூரு கே.ஆர். மார்க்கெட் நெரிசலைத் தாண்டினால் திப்பு சுல்தானின் கோடை அரண்மனை: தேக்குத் தூண்கள், மங்கிப்போன பூவேலை. பக்கத்திலேயே உடையார்கள் காலத்துக் கோட்டை வெங்கடரமண சுவாமி கோயில். குடகிலும் மலபாரிலும் திப்பு செய்த கொடுமைகள் மெய்தான். சிருங்கேரி மடத்துக்கு அனுப்பிய கடிதங்களும் கொடைகளும் மெய்தான். லண்டனுக்கு முதல் பாதி போதுமானதாக இருந்தது.

1799 மே 4-ல் திப்புவின் தலைநகர் ஸ்ரீரங்கப்பட்டணம் கிழக்கிந்தியக் கம்பெனியிடம் வீழ்ந்தது. மறு ஆண்டே ராபர்ட் கெர் போர்ட்டர் அந்தப் போரைப் பிரம்மாண்ட ஓவியமாக்கி லண்டனில் காசுக்குக் காட்டினார். மனிதர் அதுவரை இந்திய மண்ணை மிதித்ததில்லை. அதில் ஒரு சௌகரியம், உண்மை குறுக்கே வராது.

'காட்டுமிராண்டி'யிடம் அகப்பட்டதோ ஏறத்தாழ 2,000 ஏடுகள் கொண்ட நூலகம். சார்லஸ் ஸ்டூவர்ட் 1809-ல் அதற்கு அட்டவணையே வெளியிட்டார். வெள்ளைக்காரனைக் கவ்வும் மரப்புலியும் 1808 முதல் கம்பெனியின் லண்டன் மாளிகையில், அதுவும் நூலக வாசிப்பறையில். கைப்பிடியைச் சுழற்றினால் புலி உறுமும், ஆள் முனகுவான். வேடிக்கை பார்க்க வந்த கூட்டம் ஓயாமல் சுழற்ற, கீழை ஞானத்தை ஆராய வந்தவர்களுக்குத் தலைவலி.

பிற்பாடு கைப்பிடியே காணாமல் போனது. சந்தேகப் பட்டியலில் அறிஞர்களைச் சேர்க்காமல் விடுவது நியாயமில்லை.