பிணை மறுப்பு தண்டனையா?

கேள்வி: கொலைச் சதி வழக்கில் எதிரிகளுக்குப் பிணை மறுப்பது, தீர்ப்புக்கு முன்பே தண்டிப்பதாகாதா?

பதில்: ஆகாது, வழக்கு இழுபட்டால் ஆகிவிடும். மரண தண்டனைக்குரிய குற்றங்களில் பிணை வழங்கும் அதிகாரம், இலங்கையின் 1997ஆம் ஆண்டின் 30ஆம் இலக்கப் பிணைச் சட்டப்படி, நீதவானிடம் இல்லை, மேல் நீதிமன்றத்திடமே உண்டு. சாட்சிகளை மிரட்டிக் கலைப்பார்கள் என்ற அச்சமும் பொதுமக்களின் கொந்தளிப்பும் பிணையை மறுக்கச் சட்டம் ஏற்கும் காரணங்கள். 2015 மே மாதம் புங்குடுதீவு மாணவி கொலையையடுத்து யாழ்ப்பாண நீதிமன்றக் கட்டடமே கல்வீச்சுக்கு உள்ளானதை நினைத்தால், எதிரிகளை விளக்கமறியலில், அதாவது தீர்ப்புக்கு முந்திய சிறைக்காவலில், வைத்தது சரியே. ஆயினும் அவ்வழக்கில் மூன்று மேல் நீதிமன்ற நீதிபதிகள் கூடிய தீர்ப்பாயம் 2017 செப்டம்பர் 27இல் எழுவருக்கு மரண தண்டனை விதித்து, இருவரைக் குற்றமற்றவர்களென விடுவித்தது. அவ்விருவரும் மறியலில் கழித்த காலத்தை எந்த மன்றத்தாலும் திருப்பித் தர இயலாது.