பாட்டு இல்லாத தோல்விகள்

2015 மே மாதக் கடைசியில் ‘பிரேமம்’ என்ற மலையாளப் படம் வந்தபோது எனக்குக் கல்யாணமாகி, வீட்டுக் கடனும் ஆரம்பித்திருந்தது. கெட்டுப்போகிற வயசெல்லாம் தாண்டியாகிவிட்டது என்றுதான் நினைத்திருந்தேன்.

கதை புதிதொன்றுமில்லை. ஆலுவாப் பக்கத்துப் பையன் ஜார்ஜ். பள்ளி முடிகிற வயதில் மேரி, கல்லூரியில் மலர் டீச்சர், முப்பதை நெருங்கும்போது செலின். இந்தக் கணக்கைச் சேரன் 2004-லேயே ‘ஆட்டோகிராஃப்’பில் போட்டுக் காட்டிவிட்டார். அதில் தமிழ்ப் பையன் மலையாளப் பெண்ணிடம் மனசைப் பறிகொடுத்தான். இதில் மலையாளப் பையன் தமிழ் டீச்சரிடம். பழைய கடன் நேராகிவிட்டது. ஆனால் சேரன் அழவைத்த இடத்தில் ‘பிரேமம்’ இயக்குநர் அல்போன்ஸ் புத்திரன் சிரிக்கவைத்தார். ஜார்ஜ் மேரி பின்னால் அலையாய் அலைகிறான். கடைசியில் அவளுக்கு ஏற்கெனவே காதலன் இருக்கிறான், அவன் பேரும் ஜார்ஜ், இவன்தான் அவர்களுக்கு உதவ வேண்டும் என்று தெரிகிறது. ஜார்ஜாக நடித்த நிவின் பாலி அதை வாங்கிக்கொள்ளும் முகத்தைப் பார்த்தால் தோற்பதற்கே ஆசை வரும்.

எனக்கு வந்தது. உட்கார்ந்து என் பழைய தோல்விகளைத் தேடினேன். டைப்ரைட்டிங் வகுப்பில் ஒரு பெண். மாதக்கணக்கில் அவளுக்குப் பக்கத்து மெஷினாகப் பார்த்து உட்கார்ந்த என்னிடம் அவள் பேசிய ஒரே வாக்கியம், “அண்ணா, சைக்கிளைக் கொஞ்சம் நகர்த்துங்க.” ஜார்ஜுக்கு என்றால் இசையமைப்பாளர் ராஜேஷ் முருகேசன் ஒரு பாட்டுப் போட்டுக் கொடுத்திருப்பார். எனக்கு உள்ளே லோயர் பரீட்சைக் கும்பல் ஏ எஸ் டி எஃப் தட்டுகிற சத்தம்தான் கேட்டது. சைக்கிளை நகர்த்தினேன். ஸ்டாண்டு காலில் விழுந்தது.

அந்த வருஷ ஓணத்துக்குக் கேரளக் கல்லூரிப் பையன்கள் கறுப்புச் சட்டையும் வெள்ளை முண்டும் கூலிங்கிளாஸுமாகக் கூட்டம் கூட்டமாக இறங்கினார்கள். நானும் எடுத்தேன். ஆபீஸ் ஆயுத பூஜைக்கு அந்தக் கோலத்தில், வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு போனேன். படத்தில் ஜார்ஜ் அப்படி நடந்துவரும்போது வராந்தாவே வழிவிடும். எனக்கு வழிவிட்டவர் ஹவுஸ்கீப்பிங் அம்மா மட்டும். “பொரி மூட்டை லிஃப்டாண்ட இருக்குது, தூக்கியாந்துடுப்பா” என்றார். தாடியும் வளர்த்தேன். அது கன்னத்தில் அங்கொன்றும் இங்கொன்றுமாக முளைத்தது. வாட்ச்மேன் இரண்டு தடவை, “உடம்புக்கு முடியலையா சார்?” என்று விசாரித்தார்.

எல்லாவற்றையும்விடப் பெரிய மானக்கேடு மொழியில் நடந்தது. தமிழில் டப் செய்யாமலே படம் சென்னையில் 200 நாளைத் தாண்டி ஓடியது. ஊரே மலையாளம் புரிந்ததுபோல் நடந்துகொண்டது. நானும் ‘எனக்கு மலையாளம் அத்துப்படி’ என்று சொல்லி நண்பர்களை அழைத்துப்போனேன். உண்மையில் தியேட்டர் சிரித்தபிறகு ஒரு நொடி தள்ளிச் சிரித்தேன், அவ்வளவுதான். மலருக்கு விபத்தில் நினைவு போய்விடுகிறது, அறிவழகனைக் கட்டிக்கொள்கிறாள். அவளுக்கு ஜார்ஜ் ஞாபகம் திரும்பியதா இல்லையா என்று டீக்கடைகளில் விவாதம் நடந்தது. திரும்பவே இல்லை, அதுதான் இயக்குநரின் நுட்பம் என்று வாரக்கணக்கில் வாதாடினேன். ஒருநாள் ஆபீஸில் ஒரு கோட்டயத்துக்காரம்மா பொறுமையாகக் கேட்டார்: “சார், கடைசியில ஜார்ஜ் கல்யாணத்துக்கு மலரும் அவ ஹஸ்பெண்டும் வந்து பேசிக்கிறாங்களே, அதைப் பார்க்கலையா?” பார்க்கவில்லை. பார்க்கிங்கில் வண்டி மாட்டிக்கொள்ளும் என்று ஒவ்வொரு தடவையும் ஐந்து நிமிஷம் முன்னாலேயே கிளம்பியிருந்தேன். மலர் அங்கே தமிழில் பேசுகிறாளாம்.

இருந்தும் கட்சி மாறவில்லை. தியேட்டரில் ஓடிக்கொண்டிருக்கும்போதே தணிக்கைப் பிரதி இணையத்தில் கசிந்தது. ‘நான் திருட்டுப் பிரதி பார்க்கவில்லை’ என்று கேட்காதவர்களிடமெல்லாம் சொன்னேன். (பாட்டை மட்டும் பார்த்தேன். அது கணக்கில்லை.) கேரள மாநில விருதில் படத்துக்கு ஒன்றுமே கிடைக்கவில்லை, எடுத்த விதத்தில் அலட்சியம் என்று நடுவர் குழுத் தலைவர் காரணம் சொன்னார். என் வருடாந்திர மதிப்பீட்டிலும் அதே வார்த்தைதான் தவறாமல் வரும். அன்றிலிருந்து அல்போன்ஸ் புத்திரன் எனக்கு உடன்பிறப்பு. 2016-இல் தெலுங்கில் எடுத்தபோது பாட்டைப் பார்த்துவிட்டே மலர் வேடத்தில் வந்த ஸ்ருதி ஹாசனைக் கிண்டலடித்த கும்பலிலும் இருந்தேன். மலர் என்றால் முகப்பருவை மறைக்காமல் வந்து நின்ற சாய் பல்லவிதான். கோத்தகிரிப் பெண், ஜார்ஜியாவில் மருத்துவம் படித்துக்கொண்டிருந்தவர் என்று அவருடைய ஜாதகத்தையே ஒப்பிப்பேன்.

போன வருஷம் அண்ணன் மகள் லீவுக்கு வந்தபோது படத்தைப் போட்டேன். பொற்காலத்தைக் காட்டுகிற பெருமை எனக்கு. அவள் பாதியில் நிறுத்தி நிறுத்திக் கேட்டாள். “குடிச்சிட்டு கிளாஸ்ல உட்கார்ந்திருக்காங்க, இதுல என்ன ஜோக்கு?” “இந்த செலின் அப்போ மேரி கூட வந்த குட்டிப் பொண்ணுதானே?” ஒன்பது வருஷமாக இந்தப் படத்துக்காக வக்கீல் வேலை பார்த்தவன், ஒன்றுக்கும் பதில் இல்லாமல் முறுக்கைக் கடித்தேன். அவள் சொன்னதில் பாதி நியாயம். மீதிப் பாதியும் நியாயம்தான். ஆனால் ‘மலரே’ பாட்டு வந்ததும் அவளும் வாயை மூடிக்கொண்டதை இங்கே பதிவு செய்கிறேன்.

அப்புறம் விமல் சார் வந்தார். ஜாவா பாடம் நடத்துகிறவர், மலர் டீச்சருக்காக பி.டி. மாஸ்டரிடம் போய் யோசனை கேட்கிறவர். அண்ணன் மகள் ரிமோட்டை அமுக்கி அவரை அப்படியே உறையவைத்தாள்.

“சித்தப்பா, இது நீங்கதானே?”

“நான் ஜார்ஜ் பேட்ச்மா.”

“இல்ல. யாரும் கேக்காமலே விளக்கம் சொல்றாரு. தனக்கு எல்லாம் தெரியும்னு நினைச்சுக்கறாரு. கடைசி வரைக்கும் அவருக்கு விஷயமே தெரியல.”

அடுப்படியிலிருந்து என் மனைவி சிரித்த சத்தம் கேட்டது. நான் அசரவில்லை. விமல் சாராக நடித்த வினய் ஃபோர்ட் எவ்வளவு பெரிய நடிகர், அந்தப் பாத்திரம் படத்துக்கு எப்படி முதுகெலும்பு என்று இருவருக்கும் அரைமணி நேரம் விளக்கினேன். பாதியில் அவள் ஹெட்போனை மாட்டிக்கொண்டாள்.