'இதர' கட்டத்திலிருந்து ஒரு பணிவான விண்ணப்பம்

பெறுநர்: விளையாட்டுப் பட்டியல் தயாரிக்கும் மேன்மைதங்கிய பிரிவு
பொருள்: லான் பௌல்ஸ் ஆடும் பெண்ணின் விளையாட்டு வாழ்க்கை

லான் பௌல்ஸ் வீராங்கனையின் வாழ்க்கை, பிரிவின் கருணையால், 'இதர' என்ற கட்டத்தில் தொடங்குகிறது. சென்ற வாரம் விளையாட்டு ஒதுக்கீட்டுக்கு விண்ணப்பித்த ஓர் இளம்பெண்ணின் தேசியப் போட்டிச் சான்றிதழ் அங்கேதான் போய் விழுந்தது. பட்டியலில் கேரம் உண்டு, கயிறு இழுத்தல் உண்டு. "இது ரிட்டயர் ஆனவங்க ஆடுறதாச்சேம்மா?" என்ற கனிவான விசாரிப்பும் கவுன்டரில் இலவசமாகக் கிடைத்தது.

ஆட்டம் பார்க்க எளிது. புல்தரையில் 'ஜாக்' என்னும் சிறு பந்தை முதலில் உருட்டிவிட்டு, ஒன்றரைக் கிலோவரை கனக்கும் பெரிய பந்துகளை அதற்கு அருகே கொண்டுபோய் நிறுத்த வேண்டும். பெரிய பந்து ஒரு பக்கம் சாய்வாகக் கடையப்பட்டது. நேராகப் போகாது, வேகம் குறையக் குறைய வளையும். கோப்புகளின் போக்கை அறிந்த பிரிவுக்கு இதற்கு மேல் விளக்கம் தேவையில்லை.

பிற ஆட்டங்களிலிருந்து இதற்கு வந்தவர்களே அதிகம். அசாமின் கோலாகாட் மாவட்டத்து நயன்மோனி சைகியா பளு தூக்கியவர். காயம்பட்டபின், இருபது வயதை ஒட்டி, பௌல்ஸுக்கு மாறினார். 2022இல் சம்பளம் மாநில வனத்துறையில். ஜார்க்கண்டின் லவ்லி சௌபே ஓட்டப்பந்தயத்திலிருந்து வந்த காவலர்; ரூபா ராணி திர்கி கபடி ஆடியவர்; பிங்கி டெல்லிப் பள்ளியொன்றின் உடற்கல்வி ஆசிரியை. ஆக, இதர நால்வர்.

2022 பர்மிங்காம் காமன்வெல்த் போட்டியில் இந்த நால்வர் அணி அரையிறுதியில் நியூசிலாந்தை 16-13 என வென்றது. ஆகஸ்ட் 2 அன்று இறுதியாட்டம். தென்னாப்பிரிக்காவுக்கு எதிராக 8-2 என முன்னிலை, பிறகு 8-10 எனப் பின்னடைவு, முடிவு 17-10. இந்த ஆட்டத்தில் இந்தியாவின் முதல் காமன்வெல்த் பதக்கமே தங்கம். இதர தங்கம். நயன்மோனிக்கும் அவருக்குப் பின் பிங்கிக்கும் அர்ஜுனா விருது வழங்கப்பட்டது. அதுவும் இதர அர்ஜுனாவாகவே இருக்க வேண்டும்.

பதக்க மேடையில் தேசியகீதம் ஒலிக்கலாம், அதே ஆட்டத்தைச் சொல்லி ஒரு பெண் வேலை கேட்டால் "அது என்ன ஆட்டம்?" என்பார்கள் என்றால், அது மறதியல்ல, திமிர். இந்த வரியைத் தட்டச்சுப் பிழையாகக் கருதி மன்னிக்கப் பிரிவின் பெருந்தன்மை இடம்தரும்.

2026 கிளாஸ்கோ போட்டிக்கு ஆட்டங்களைப் பத்தாகச் சுருக்கியபோது ஹாக்கி, பாட்மின்டன், மல்யுத்தம், கிரிக்கெட் எல்லாம் வெட்டுப்பட்டன. 'இதர' தப்பியது, உள்ளரங்குக்கும் குடிபெயர்ந்தது. பிரிவு மனமிரங்கிப் பட்டியலில் ஒரு வரி சேர்த்தால், மேற்படி பெண்ணின் விண்ணப்பம் மீண்டும் சமர்ப்பிக்கப்படும். கடைசித் தேதி வெள்ளிக்கிழமை.